அறுபதாண்டுக் கிழவர்: சிஷூ ரியூவின் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

ஒரு நடிகரின் வாழ்நாள் உழைப்பு முழுவதையும் பார்த்துவிட வேண்டும் என்று ஆசைப்படுகிறவர்கள் முதல் படத்தில் தொடங்கிக் கடைசிப் படத்தில் முடிப்பதே முறை என்று நினைப்பார்கள். ஜப்பானிய நடிகர் சிஷூ ரியூவிடம் அந்த முறை செல்லாது. 1925-ல் ஷோச்சிக்கு நிறுவனத்தின் கமாதா படப்பிடிப்புக் கூடத்தில் சேர்ந்த அவர், 1992 டிசம்பரில் வெளிவந்த படம் வரை நடித்துக்கொண்டிருந்தார். அதில் முதல் பத்தாண்டுகள் பெரும்பாலும் பெயர்கூடப் போடாத துண்டு வேடங்கள். அந்தக் காலத்து மௌனப் படங்களில் பல இன்று கிடைப்பதும் இல்லை. கிடைப்பனவற்றை ஆண்டு வாரியாக அடுக்கிப் பார்க்கத் தொடங்கினால், கூட்டத்தில் ஒருவராக நிற்கும் ஒல்லியான இளைஞரைத் தேடிக் கண்டுபிடிப்பதிலேயே பொறுமை தீர்ந்துவிடும்.

குமரி மாவட்டத்தில் குலசேகரத்தை அடுத்த எங்கள் ஊர் வாசகசாலையில் ஓர் இடவப்பாதி மழைக்காலம் முழுவதும் இவருடைய படங்களை வாரம் ஒன்றாகத் திரையிட்டோம். பார்க்க வந்தவர்களில் பாதிப்பேர் ரப்பர் பால்வெட்டுத் தொழிலாளிகள். விடியுமுன் மரத்தடிக்குப் போகிறவர்கள் இரவு எட்டு மணிக்குமேல் உட்கார மாட்டார்கள் என்பதாலும், மழை விழுந்தால் பால்வெட்டு கிடையாது என்பதாலும், மழைக்கால மாலை ஐந்தரை மணி என்று நேரம் குறித்தோம். தட்டுத்தடுமாறி அப்போது கண்டடைந்த வரிசையைத்தான் இங்கே சொல்கிறேன். தனியாக வீட்டில் பார்க்கிறவர்களுக்கும் இது பயன்படும்.

முதல் வேலை, ஒரு நோட்டுப் புத்தகம் எடுத்து மூன்று பத்தி கோடு போட்டுக்கொள்வது. முதல் பத்தியில் படம் வந்த ஆண்டு. இரண்டாவதில் அப்போது ரியூவின் வயது. மூன்றாவதில் அவர் ஏற்ற பாத்திரத்தின் வயது. அவர் பிறந்தது 1904 மே 13. ஆகவே இரண்டாவது பத்தியை நிரப்புவதற்குக் கழித்தல் கணக்கு போதும். மூன்றாவது பத்தியைப் படத்தைப் பார்த்துத்தான் நிரப்ப முடியும். சில சமயம் பாத்திரமே தன் வயதைச் சொல்லும், சில சமயம் பிள்ளைகளின் வயதை வைத்து நாம் ஊகிக்க வேண்டும். இந்த மனிதரின் வாழ்க்கை முழுவதும் அந்த இரண்டு பத்திகளுக்கும் இடையே உள்ள தூரத்தில்தான் இருக்கிறது. கட்டுரைகள் பத்து படித்தாலும் அந்தத் தூரம் புலப்படாது. எழுதிப் பார்த்தால் ஐந்தாவது படத்தில் தெரிந்துவிடும்.

எதில் தொடங்குவது?

நடுவில் தொடங்குங்கள். இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் மூன்று படங்களை, 'லேட் ஸ்பிரிங்' (1949), 'எர்லி சம்மர்' (1951), 'டோக்கியோ ஸ்டோரி' (1953) என்ற வரிசையில், ஒவ்வொன்றுக்கும் ஒரு வாரமாவது இடைவெளி விட்டுப் பாருங்கள். மூன்றிலும் செட்சுகோ ஹாரா என்ற நடிகை நோரிகோ என்ற பெயரிலேயே வருகிறார். ஆனால் மூன்றும் வெவ்வேறு நோரிகோக்கள். முதல் படத்தில் ரியூ அவருக்குத் தகப்பன். இரண்டாவதில் அண்ணன். மூன்றாவதில் மாமனார். நான்கே ஆண்டுகளில் ஒரே நடிகைக்கு முன்னால் மூன்று உறவுகளில் நிற்கும் மனிதர், ஒப்பனையை அதிகம் நம்பாமல், உட்காரும் விதத்தாலும் தலையசைப்பாலும் வயதை ஏற்றி இறக்குவதை இப்படி அடுத்தடுத்துப் பார்த்தால்தான் பிடிக்க முடியும்.

நோட்டில் எழுத வேண்டியவை இவை. 'லேட் ஸ்பிரிங்' படத்தில் பேராசிரியரான தகப்பன் தனக்கு ஐம்பத்தாறு வயது என்கிறார். ரியூவுக்கு அப்போது நாற்பத்தைந்து. 'டோக்கியோ ஸ்டோரி'யின் தாத்தா எழுபதை ஒட்டியவர், ரியூவுக்கு நாற்பத்தொன்பது. இடையில் உள்ள 'எர்லி சம்மர்' படத்தில் இன்னும் விசித்திரம். அதில் ரியூவின் தகப்பனாக வரும் இச்சிரோ சுகாய் 1907-ல் பிறந்தவர். அதாவது மகனைவிட மூன்று வயது இளைய தகப்பன். தாயாக வருபவர் 1890-ல் பிறந்த சியேகோ ஹிகாஷியாமா. அந்த ஹிகாஷியாமாவே இரண்டு ஆண்டு கழித்து 'டோக்கியோ ஸ்டோரி'யில் ரியூவுக்கு மனைவி.

எங்கள் வாசகசாலையில் இதை முன்கூட்டிச் சொல்லாமல் விட்டது என் தவறு. மூன்றாவது வாரம் படம் தொடங்கிப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை, முன்வரிசையில் இருந்த பாட்டா ஒருவர் என் தோளைத் தட்டி, "மக்கா, இவ போன வாரம் அவனுக்க அம்மையாட்டுல்லா இருந்தா?" என்று கேட்டார். அரங்கம் சிரித்துத் தீர இரண்டு நிமிடம் ஆயிற்று. பிறகு யோசித்தபோது, இந்தக் கேள்வியைவிடச் சரியான அறிமுகம் ரியூவுக்குக் கிடையாது என்று தோன்றியது. தாயாக இருந்தவரை மனைவியாக்கிய பிறகும் ஒருவரும் ஐயப்படாதபடி அந்த வீட்டுக்குள் அவர் உட்கார்ந்திருக்கிறாரே, அதுதான் அவருடைய தொழில். இருந்தாலும் நீங்கள் திரையிடுவதாக இருந்தால், படத்துக்கு முன் ஒரு தாளில் உறவுமுறைகளை எழுதி ஒட்டிவிடுங்கள். ஷூகிச்சி, ஹிராயாமா போன்ற பெயர்கள் ஓசுவின் படங்களில் திரும்பத் திரும்ப வரும். பெயரை நம்பாமல் உறவை நம்பச் சொல்லுங்கள்.

'டோக்கியோ ஸ்டோரி' 136 நிமிடம் ஓடும். ஒனோமிச்சி என்ற கடற்கரை ஊரிலிருந்து ஒரு முதிய தம்பதி, பட்டணத்தில் குடியேறிய பிள்ளைகளைப் பார்க்க ரயிலேறுகிறார்கள்; பிள்ளைகளுக்கு நேரமில்லை. நாகர்கோவிலில் கன்னியாகுமரி எக்ஸ்பிரசில் ஏறி, சென்னையில் மகன் வீட்டு வரவேற்பறையில் நான்கு நாள் சும்மா உட்கார்ந்துவிட்டுத் திரும்பியவர்கள் எங்கள் ஊரில் நிறைய இருக்கிறார்கள் என்பதால், கதையை விளக்கும் வேலை எனக்கு இருக்கவில்லை.

எப்படி உட்கார்ந்து பார்ப்பது?

இது வேடிக்கையான கேள்வி அல்ல. ஓசு தம் காமிராவைத் தரையை ஒட்டி, பாயில் உட்கார்ந்திருப்பவரின் கண்ணளவுக்கும் கீழாக வைப்பார். திரையை உயரத்தில் மாட்டி, நாற்காலியில் சாய்ந்துகொண்டு அண்ணாந்து பார்த்தால் ரியூவின் உருவம் மேலே எங்கோ தெரிகிறது. அவர் நம் எதிரே உட்கார்ந்திருக்கும் உணர்வு வருவதில்லை. முதல் வாரத்துக்குப் பிறகு நாங்கள் நாற்காலிகளைச் சுவரோரம் ஒதுக்கிவிட்டுப் பாய் விரித்தோம். திரையையும் தரையிலிருந்து இரண்டடி உயரத்துக்கு இறக்கினோம். முழங்கால் வலி உள்ளவர்களுக்கு மட்டும் பின்னால் பெஞ்சு. வீட்டில் பார்க்கிறவர்கள் தொலைக்காட்சியை இறக்க வேண்டியதில்லை. மடிக்கணினியை ஒரு முக்காலியில் வைத்து எதிரே தரையில் உட்கார்ந்தால் போதும்.

ஓட்டுக்கூரை, தகரக் கூரை உள்ள இடமானால் மழையின் ஓசையையும் கணக்கில் எடுங்கள். ரியூ சத்தம் போட்டுப் பேசுகிறவர் அல்லர். அவருடைய வசனத்தில் பெரும்பகுதி "ம்ம்" என்ற ஒற்றை ஓசைதான். அதில் சம்மதமும் இருக்கும், சம்மதிக்க மனமில்லாமையும் இருக்கும், பேச்சை இத்துடன் நிறுத்திக்கொள் என்ற குறிப்பும் இருக்கும். ஒலிபெருக்கியை மழைக்கு ஈடாகக் கூட்டினால் இந்த வேறுபாடுகள் இரைச்சலில் கரைந்துவிடும். ஆகவே மழை வலுத்தால் படத்தை நிறுத்தி ஒரு சாயா குடித்துவிட்டுத் தொடர்வதே நல்லது.

இனி அவருடைய நடிப்பில் எதைப் பார்ப்பது என்ற கேள்வி. முகத்தைப் பார்க்காதீர்கள் என்று சொன்னால் மிகையாகும். ஆனால் முதுகையும் கைகளையும் அதைவிடக் கவனமாகப் பாருங்கள். 'லேட் ஸ்பிரிங்' படத்தின் முடிவை எடுத்துக்கொள்வோம். மகளைக் கட்டிக்கொடுத்துவிட்டுத் தகப்பன் வெறும் வீட்டுக்குத் திரும்புகிறார். நாற்காலியில் உட்கார்ந்து ஓர் ஆப்பிளை எடுத்துத் தோல் சீவுகிறார். தோல் அறுபடாமல் நீள நாடாவாகத் தொங்கிக்கொண்டே வருகிறது. ஒரு கட்டத்தில் கத்தி நிற்கிறது, தோல் விழுகிறது, தலை மெல்லத் தாழ்கிறது. அடுத்த காட்சி கடலலை. இவ்வளவுதான். அந்த இடத்தில் வாய்விட்டு அழும்படி ஓசு கேட்டதாகவும், தம்மால் அது முடியாது என்று தாம் மறுத்ததாகவும் ரியூ பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். ஓசு வற்புறுத்தவில்லை. இந்தச் செய்தியைத் தெரிந்துகொண்டு இரண்டாவது முறை பார்க்கும்போது அந்தத் தலைத் தாழ்வு வேறொன்றாகத் தெரியும். ஆகவே முதல் முறை பார்க்கும் யாருக்கும் இதை முன்னதாகச் சொல்லாதீர்கள். (இங்கே எழுதிவிட்டேன், மன்னிக்கவும்.)

காதுக்கு ஒரு வேலை

ரியூ பிறந்தது கியூஷூ தீவில், குமமோத்தோ மாகாணத்தின் கிராமப்புறத்தில். பதின்ம வயதைக் கடந்து டோக்கியோவுக்கு வந்தவர் அந்த ஊர்ப் பேச்சை வாழ்நாள் இறுதிவரை விடவில்லை. தொடக்க காலத்தில் அவருக்குப் பெரிய வேடங்கள் கிடைக்காமல் போனதற்கு அந்த இழுவைப் பேச்சும் ஒரு காரணமாக இருக்கலாம் என்பார்கள். பின்னாளில் அதுவே அவருடைய அடையாளமாயிற்று. அந்தக் குரலில் சொன்னால் பொய்யாக இருக்காது என்று ஜப்பானியப் பார்வையாளர்கள் நம்பினார்கள். வார இதழ் ஒன்றில் ஒரு பத்தி எழுத்தாளர் ரியூவைத் தம்மால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை என்று அவருடைய உச்சரிப்பைக் கேலி செய்து எழுதியபோது, கண்டித்து நூற்றுக்கணக்கான கடிதங்கள் வந்து குவிந்தனவாம்.

"எனக்க வீடு", "பைய வா", "கொள்ளாம்" என்று பேசிவிட்டு, மதுரைக்கு வடக்கே போனால் "நீங்க மலையாளமா?" என்ற கேள்விக்கு ஆளாகும் நம் மாவட்டத்துக்காரர்களுக்கு இந்த இடம் சட்டென்று பிடிபடும். ஜப்பானிய மொழி தெரியாதே, உச்சரிப்பு வேறுபாட்டை எப்படிக் கேட்பது என்று தயங்க வேண்டாம். 'எர்லி சம்மர்' படத்தில் ரியூவும் ஹாராவும் பேசும் காட்சி ஒன்றை எடுத்து, துணையெழுத்தை மறைத்துவிட்டு, ஐந்து நிமிடம் ஒலியை மட்டும் கேளுங்கள். ஹாராவின் சொற்கள் துள்ளிப் போகும். ரியூவின் சொற்கள் வாக்கிய முடிவில் இறங்கி உட்காரும். அந்த இறக்கம் ஒருமுறை காதில் விழுந்துவிட்டால், பிறகு எந்தப் படத்திலும் கண்ணை மூடிக்கொண்டே அவரை அடையாளம் காணலாம். இதற்காகவே மொழிமாற்றப் பதிப்பு எங்காவது கிடைத்தாலும் ஒதுக்கிவிடுங்கள்.

ஆங்கிலத் துணையெழுத்து வாசிக்க முடியாதவர்கள் இருந்தால், ஒருவர் முன்னதாகப் படத்தைப் பார்த்துத் தமிழில் குறிப்பெடுத்து, காட்சிக்கு இரண்டு வரி என்ற அளவில் தாழ்ந்த குரலில் சொல்லலாம். எல்லா வசனத்தையும் மொழிபெயர்க்கப் போனால் ரியூவின் "ம்ம்" காணாமல் போகும். துணையெழுத்துக் கோப்பைத் தனியாக இறக்கியிருந்தால் முந்தின நாளே ஓட்டிப் பாருங்கள். எங்களுக்கு ஒரு மாலையில் எழுத்து நான்கு வினாடி முந்தி வந்து, கிழவர் வாய் திறக்குமுன்பே அவர் சொல்லப்போவதை எல்லோரும் படித்துக்கொண்டிருந்தார்கள். விஎல்சி மென்பொருளில் ஜி, எச் என்ற இரண்டு விசைகளால் எழுத்தை முன்பின் நகர்த்திச் சரிசெய்யலாம்; ஒரு தட்டலுக்கு ஐம்பது மில்லி வினாடி நகரும்.

இரண்டாம் சுற்று: பின்னோக்கி

மூன்று படங்கள் முடிந்த பிறகு 1936-க்குப் போங்கள். ஒழுகினசேரியில் பிறந்த நம் என்.எஸ்.கிருஷ்ணன் நடித்த 'சதி லீலாவதி' வந்த அதே ஆண்டு. அந்த ஆண்டு ஓசு எடுத்த முதல் பேசும் படமான 'தி ஒன்லி சன்' படத்தில் ரியூவுக்குப் பெயர் சொல்லும்படியான வேடம் கிடைத்தது. பெரிய கனவுகளோடு கிராமத்தை விட்டு டோக்கியோ போகும் பள்ளி ஆசிரியர், பல ஆண்டு கழித்துப் பார்க்கும்போது நகரத்தின் ஓரத்தில் பன்றி இறைச்சி வறுத்து விற்றுக்கொண்டிருக்கிறார். ரியூவுக்கு அப்போது முப்பத்திரண்டு வயது; பாத்திரமோ ஓய்ந்துபோன நடுவயதுக்காரர். முப்பதுகளில் தொடங்கிய இந்த முதுமை பிறகு அவரை விடவே இல்லை. 1942-ல் வந்த 'தேர் வாஸ் எ ஃபாதர்' படத்தில்தான் ஓசு அவருக்கு முதல்முதலாக முதன்மை வேடம் கொடுத்தார். அதில் ரியூவின் வளர்ந்த மகனாக வரும் ஷூஜி சானோவுக்கும் அவருக்கும் எட்டு வயதுதான் வித்தியாசம். நோட்டின் மூன்றாம் பத்தியை நிரப்பும்போது சிரிப்பு வரும். படத்தைப் பார்க்கும்போது வராது.

இவற்றுக்கு நடுவே மருந்துபோல ஒன்றைச் சேர்த்துக்கொள்ளுங்கள்: ஹிரோஷி ஷிமிசு இயக்கிய 'ஆர்னமென்டல் ஹேர்பின்' (1941). வெந்நீர் ஊற்றில் குளிக்கும்போது ஒரு பெண்ணின் கொண்டையூசி காலில் குத்தி, அந்தக் காயம் ஆறும்வரை விடுதியில் தங்கிவிடும் சிப்பாயாக ரியூ வருகிறார். எழுபது நிமிடப் படம். அவர் இளைஞராகவே நடித்து நான் பார்த்தது அநேகமாக இது ஒன்றுதான்.

ஓசுவின் போருக்குப் பிந்தைய படங்கள் எல்லாவற்றிலும் ரியூ உண்டு. சிலவற்றில் இரண்டு நிமிடம் மட்டும். எல்லாவற்றையும் ஒரே மூச்சில் பார்க்க முனைய வேண்டாம். 'ரெக்கார்ட் ஆஃப் எ டெனமன்ட் ஜென்டில்மேன்' (1947) படத்தில் அவர் பழைய படப்பெட்டிக்காரர்களின் பாட்டை இழுத்துப் பாடும் காட்சிக்காக அதையும், கடைசியாக 'ஆன் ஆட்டம் ஆஃப்டர்நூன்' (1962) படத்தையும் பார்த்தால் போதும். கடைசிப் படத்தில் மீண்டும் மகளைக் கட்டிக்கொடுக்கும் தகப்பன் வேடம். ஆனால் இப்போது ரியூவுக்கே ஐம்பத்தெட்டு வயது. பாத்திரத்தின் வயதும் நடிகரின் வயதும் முதல்முறையாக ஏறத்தாழ ஒன்றாகின்றன. நோட்டில் இந்த வரிக்கு அடியில் ஒரு கோடு போடுங்கள். அடுத்த ஆண்டு டிசம்பர் 12 அன்று, தம் அறுபதாவது பிறந்த நாளிலேயே ஓசு இறந்துபோனார்.

கோட்டுக்கு அப்புறம்

தம்மை உருவாக்கிய இயக்குநர் போன பிறகு ரியூவுக்கு முப்பதாண்டு எஞ்சியிருந்தது. இந்தப் பகுதியைப் பலர் விட்டுவிடுகிறார்கள், விடக் கூடாது. 1967-ல் வந்த 'ஜப்பான்ஸ் லாங்கெஸ்ட் டே' படத்தில் இரண்டாம் உலகப் போரில் ஜப்பான் சரணடைந்தபோது பிரதமராக இருந்த கன்ட்டாரோ சுஸுகியாக வருகிறார். அது வரலாற்றில் ஆர்வம் உள்ளவர்களுக்கு. மற்ற எல்லோரும் இயக்குநர் யோஜி யமாடாவின் 'கசோகு' (1970) பார்க்க வேண்டும். நாகசாகியை அடுத்த ஒரு சிறு நிலக்கரித் தீவிலிருந்து வடகோடியான ஹொக்கைடோவுக்குப் பிழைக்கப் போகும் குடும்பத்தின் தாத்தா அவர். வழிநெடுக அவர் பேசுவது மிகக் கொஞ்சம். பிள்ளைகள் வளைகுடாவுக்குப் போய்விட்ட வீடுகளில் இதைத் திரையிடுவதாக இருந்தால் கைக்குட்டை அவர்களிடமே இருக்கும்.

அதே யமாடா 1969-ல் தொடங்கிய 'தோரா-சான்' நகைச்சுவை வரிசையில், டோக்கியோவின் ஷிபமாதா கோயில் குருவாக நாற்பதுக்கும் மேற்பட்ட படங்களில் ரியூ வந்தார். இங்கே அவருடைய இளமைக் கதையைச் சொல்லும் நேரம் வருகிறது. அவருடைய தகப்பனார் ஒரு பௌத்தக் கோயிலின் தலைமைக் குரு. டோக்கியோவில் தோயோ பல்கலைக்கழகத்துக்கு அவர் படிக்கப் போனது இந்தியத் தத்துவம். அதை விட்டுவிட்டுத்தான் நடிப்புப் பயிற்சியில் சேர்ந்தார். தகப்பனார் இறந்ததும் ஊருக்குத் திரும்பிச் சிறிது காலம் கோயில் பொறுப்பை ஏற்று, அதை அண்ணனிடம் ஒப்படைத்துவிட்டு மறுபடியும் கமாதாவுக்கு ஓடிவந்தார். குருவாக இருக்க மாட்டேன் என்று ஓடியவரை ஒரு நாடே கால் நூற்றாண்டு குருவாகப் பார்த்தது. 1984-ல் 'தி ஃப்யூனரல்' என்ற படத்தில் ரோல்ஸ் ராய்ஸ் காரில் வந்து இறங்கும் குருவாக நடித்து, அந்தப் பிம்பத்தை அவரே கேலியும் செய்துவிட்டார்.

இயக்குநர் அகிரா குரோசாவாவின் 'ட்ரீம்ஸ்' (1990) படத்தின் கடைசிப் பகுதியில், நீர்ச்சக்கரங்கள் சுற்றும் ஒரு கிராமத்தில், தனக்கு நூற்று மூன்று வயது என்று சொல்லும் கிழவராக வருகிறார். அப்போதும் ரியூவுக்கு எண்பத்தாறுதான். மூன்றாம் பத்தி பதினேழு ஆண்டு முன்னே நிற்கிறது. 1993 மார்ச் 16 அன்று எண்பத்தெட்டாவது வயதில் அவர் இறந்தார்.

திரையிடல் வரிசையை 'ட்ரீம்ஸ்' படத்தில் முடிக்கலாம் என்றே முதலில் நினைத்திருந்தோம். ஒரு சவ ஊர்வலத்தில் முடிக்க வேண்டாம் என்று சிலர் சொன்னதால் 'தோரா-சான்' வரிசையின் முதல் படத்தைக் கடைசியில் வைத்தோம். நீங்களும் அப்படியே செய்யலாம். அதில் நாரா நகரத்தில் குருவைப் புகைப்படம் எடுப்பார்கள். "சீஸ்" என்று சொல்லிச் சிரிக்க வேண்டிய இடத்தில், கிழவர் மிகுந்த பொறுப்போடு "பட்டர்" என்று சொல்வார். அன்று மாலை படம் முடிந்ததும் வாசகசாலைத் திண்ணையில் எல்லோரும் நின்று ஒரு புகைப்படம் எடுத்துக்கொண்டோம். பாட்டா நடுவில் நின்று, "வெண்ணெய்" என்று சொல்லும்படி எங்களுக்கெல்லாம் கட்டளையிட்டார். அந்தச் சொல்லுக்கு நம் பக்கத்தில் உள்ள இன்னொரு பொருள் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் நினைவுக்கு வந்ததால், படத்தில் ஒருவர்கூட நேராக நிற்கவில்லை.